ஏக்கருக்கு எத்தனை கிலோ? – ஜிப்சத்தின் மண் சரித்திரம்

பெஞ்சமின் ஃபிராங்க்ளினைப் பற்றி ஒரு கதை உண்டு. சாலையோரத்தில் ஒரு குளோவர் வயல். அதில் ஜிப்சம் பொடியைப் பெரிய பெரிய எழுத்துகளாகத் தூவிவிட்டுப் போய்விட்டார். சில வாரம் கழித்து, தூவின இடத்தில் மட்டும் செடி கரும்பச்சையாக ஒரு சாண் கூடுதலாக எழும்பி நின்றது. இங்கே ஜிப்சம் போட்டிருக்கிறது என்று வயலே போகிறவர் வருகிறவருக்கெல்லாம் எழுதிக் காட்டியது. விளம்பரப் பலகைக்கு முன்னாடி காலத்து விளம்பரப் பலகை!

இந்தக் கதையை உலகம் முழுக்கப் பரப்பியவர் ஷாப்டால் என்கிற பிரெஞ்சு வேதியியலாளர். நெப்போலியனிடம் உள்துறை அமைச்சராக இருந்தவர். 1823இல் விவசாய வேதியியல் பற்றி அவர் எழுதிய புத்தகத்தில் இது வருகிறது. ஆனால் அதில் ஒரு சின்ன சிக்கல். அந்த வயல் வாஷிங்டன் போகிற பெருஞ்சாலையில் இருந்ததாகச் சொல்கிறார். ஃபிராங்க்ளின் இறந்தது 1790 ஏப்ரலில். புதிய தலைநகர் கட்ட அமெரிக்க காங்கிரஸ் சட்டம் போட்டது அதே வருடம் ஜூலையில். அதற்கு வாஷிங்டன் என்று பெயர் வைத்தது 1791இல். ஆக, இல்லாத ஊருக்குப் போகிற சாலையில் அவர் ஜிப்சம் தூவியிருக்கிறார். கதை முழுக்கப் பொய் என்று நான் சொல்ல வரவில்லை. வயல் ஃபிலடெல்ஃபியா பக்கம் எங்காவது இருந்திருக்கலாம், பாரிஸ் போய்ச் சேர்வதற்குள் இடம் மாறியிருக்கலாம். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு விஷயம்: கதையில் உள்ள செடி. கோதுமை இல்லை, சோளம் இல்லை, குளோவர். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னாடி தேவைப்படும்.

குளோவர் தெரியாதவர்களுக்கு: பயறு வகைக் குடும்பத்துத் தீவனச் செடி. வட இந்தியாவில் மாட்டுக்குப் போடுகிற பெர்சீம் இதன் ஒரு வகை. ஜிப்சம் உங்களுக்குத் தெரிந்ததுதான். கால்சியம் சல்ஃபேட், கூடவே ரெண்டு மூலக்கூறு தண்ணீர். சூடாக்கி அந்தத் தண்ணீரில் முக்கால்வாசியை விரட்டினால் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ். பாரிஸில் மோன்மார்த்ர் குன்றைக் குடைந்து எடுத்ததால் அந்தப் பெயர். சித்த மருத்துவத்தில் இதையே கற்பூர சிலாசத்து என்கிறார்கள். நம்ம ஊர் கடலை விவசாயிக்கு இது வெறும் "ஜிப்சம்", செடிக்கு மண் அணைக்கும்போது போடுகிற வெள்ளைப் பொடி.

நான் இருப்பது பென்சில்வேனியாவில். வசந்தம் வந்தால் இங்கே வீட்டுச் சாமான் கடை வாசலில் ஜிப்சம் மூட்டை அடுக்கிவிடுவார்கள். இறுகிப் போன களிமண் புல்வெளியை இளக்கும் என்று மூட்டை மேலேயே போட்டிருக்கும். பக்கத்து வீட்டுக்காரர் வருஷம் தவறாமல் ரெண்டு மூட்டை வாங்கித் தூவுகிறார். இந்த நம்பிக்கை எங்கிருந்து வந்தது என்று தேடப் போனதில் கிடைத்ததுதான் இந்தப் பதிவு. தேடினால் 250 வருஷம் பின்னாடி போய் நின்றது, அதுவும் பெரும்பாலும் என் வீட்டிலிருந்து காரில் போகிற தூரத்திலேயே.

ஐரோப்பாவில் இதை ஆரம்பித்து வைத்தவர் ஒரு பாதிரியார். யோஹான் ஃப்ரீட்ரிஷ் மாயர், தென்மேற்கு ஜெர்மனியில் குப்ஃபர்ட்செல் என்ற கிராமத்துச் சபைக்குப் பொறுப்பாளர். 1768இல் ஜிப்சத்தை எருவாகப் போடுவது பற்றி ஒரு நூல் வெளியிட்டார். பிரசங்கம் பண்ணுகிற அதே தீவிரத்தோடு இதையும் சொல்லிக்கொண்டு திரிந்ததால் "ஜிப்சம் அப்போஸ்தலர்" என்று பட்டப்பெயர். ஜிப்சம் போட்டால் குளோவர் செழிக்கும், குளோவர் செழித்தால் மாடு கொழுக்கும், மாட்டுச் சாணம் மறுபடி வயலுக்கு வரும். இவ்வளவுதான் அவர் உபதேசம்.

அமெரிக்காவில் ரிச்சர்ட் பீட்டர்ஸ். விடுதலைப் போரில் போர்த்துறை நிர்வாகத்தில் இருந்தவர், பிறகு பென்சில்வேனியாவில் மத்திய நீதிபதி. ஃபிலடெல்ஃபியாவுக்கு வெளியே பெல்மான்ட் என்று ஒரு பண்ணை வைத்திருந்தார். அந்த வீடு இன்னும் இருக்கிறது, ஃபேர்மவுண்ட் பூங்காவுக்குள், தப்பி வந்த அடிமைகளின் வரலாற்றைச் சொல்லும் அருங்காட்சியகமாக. 1797இல் பீட்டர்ஸ் ஒரு சின்ன புத்தகம் போட்டார், முழுக்க ஜிப்சம் பற்றி. அதில் எனக்குப் பிடித்தது அவருடைய முறை. தான் சொல்வதை நம்பு என்று சொல்லாமல், கேள்விப் பட்டியல் தயாரித்துப் பல விவசாயிகளுக்கு அனுப்பினார். எத்தனை வருஷமாகப் போடுகிறீர்கள், எந்த மாதிரி மண், ஏக்கருக்கு எவ்வளவு, எந்தப் பயிருக்கு, திரும்பத் திரும்பப் போட்டால் நிலம் சோர்ந்து போகிறதா? வந்த பதில்களை அப்படியே தொகுத்து அச்சடித்துவிட்டார். இன்னைக்கு ஒரு ஆன்லைன் படிவம் அனுப்பி சர்வே எடுக்கிறோமே, அதேதான். ஜார்ஜ் வாஷிங்டனும் மவுண்ட் வெர்னனில் இந்தப் பொடியைத் தூவிப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பதால் இது ஒரு மாதிரி தேசிய ஜுரமாகவே இருந்தது.

தெற்கே வர்ஜீனியாவில் நிலைமை இன்னும் மோசம். தலைமுறை தலைமுறையாகப் புகையிலை போட்டு நிலத்தை உறிஞ்சி எடுத்திருந்தார்கள். விளையாத நிலத்தை விட்டுவிட்டு மேற்கே குடிபெயர்வதுதான் வழக்கம். லவுடன் கவுண்ட்டியில் ஜான் பின்ஸ் என்ற விவசாயி மட்டும் 1784லிருந்து ஜிப்சத்தைப் போட்டுப் பார்த்துக் குறித்துக்கொண்டே வந்தார். ஆழ உழு, ஜிப்சம் தூவு, குளோவர் போடு, அப்புறம் கோதுமை. இதற்கு "லவுடன் முறை" என்றே பெயர் வந்தது. 1803இல் அவர் எழுதிய சின்னப் புத்தகத்தை ஜெஃபர்சன், அப்போது ஜனாதிபதி, இங்கிலாந்தில் இருந்த விவசாய நண்பர்களுக்கு அனுப்பி வைத்தார். படிப்பு குறைந்தவர், நடை கரடுமுரடு, ஆனால் விஷயம் தெரிந்த மனுஷன் என்கிற தொனியில் ஒரு பரிந்துரையும் கூட.

சரி, இவ்வளவு ஜிப்சம் எங்கிருந்து வந்தது? ஆரம்பத்தில் பிரான்சிலிருந்து. பிறகு நோவா ஸ்கோஷியாவிலிருந்து. கனடாவின் கிழக்கு ஓரம், உலகிலேயே உயரமான கடல் ஓதம் ஏறி இறங்குகிற ஃபண்டி விரிகுடா. அதன் உள்முனையில் விண்ட்சர் ஊரைச் சுற்றி ஜிப்சம் பாறை வெள்ளைச் சுவர் மாதிரி நிற்கும். விவசாய வேலை இல்லாத நாட்களில் உள்ளூர்க்காரர்களே உடைத்து, ஓதம் ஏறும்போது சின்னப் பாய்மரக் கப்பல்களில் ஏற்றிவிடுவார்கள்.

அந்தக் கப்பல்கள் நேராக ஃபிலடெல்ஃபியா வரவில்லை. வர முடியாத சின்னக் கப்பல்கள். அமெரிக்க எல்லையில், பாசமகுவாடி விரிகுடா வரைதான். அங்கே தீவும் மூடுபனியும் ஜாஸ்தி, எந்தத் தண்ணீர் யாருக்குச் சொந்தம் என்பதே தகராறு. ஈஸ்ட்போர்ட் என்கிற ஊர் இருக்கிற தீவை 1814இல் பிரிட்டிஷார் பிடித்து 1818 வரை விடவேயில்லை. அந்தத் தண்ணீரில் கப்பலோடு கப்பலை அணைத்து நிறுத்தி ஜிப்சத்தை அமெரிக்கக் கப்பலுக்கு மாற்றுவார்கள். அந்தப் பக்கத்திலிருந்து மாவும் மற்ற சாமான்களும் இந்தப் பக்கம் வரும். வரி கிடையாது, ரசீது கிடையாது.

இது காலனி அரசுகளுக்குப் பொறுக்கவில்லை. கல் நம்முடையது, நீண்ட தூரக் கப்பல் வாடகை மட்டும் அமெரிக்கனுக்கா? 1816இல் நோவா ஸ்கோஷியாவும் நியூ பிரன்ஸ்விக்கும் சட்டம் போட்டன. எல்லை ஓரத்துத் துறைமுகங்களில் ஜிப்சத்தை இறக்கக் கூடாது, பாஸ்டனுக்கு அப்பால் கொண்டுபோய்த்தான் இறக்கணும் என்பது நோக்கம். பதிலுக்கு 1817இல் அமெரிக்க காங்கிரஸ் ஜிப்சம் வியாபாரத்துக்கென்றே தனிச் சட்டம் போட்டது. ஒரு எருவுக்காக ரெண்டு பக்கமும் சட்டம். எல்லைக்காரர்கள் ரெண்டையும் மதிக்கவில்லை. 1820இல் நியூ பிரன்ஸ்விக் அதிகாரிகள் தீவிரமாகக் கப்பல்களைப் பிடிக்க ஆரம்பித்தபோது, கடத்தல்காரர்கள் துப்பாக்கியோடு கும்பலாக வந்து எதிர்த்தார்கள். வரலாற்றில் இதற்கு "பிளாஸ்டர் போர்" என்று பெயர். ஜோஷுவா ஸ்மித் என்ற வரலாற்றாசிரியர் இந்த எல்லைக் கடத்தலைப் பற்றி ஒரு முழுப் புத்தகமே எழுதியிருக்கிறார். படித்தபோது எனக்கு நம்ம ஊர் உப்புச் சட்டமும், அதற்காக வட இந்தியாவில் வெள்ளைக்காரன் வளர்த்த முள்வேலியும்தான் ஞாபகம் வந்தது. ரொம்பச் சாதாரணமான வெள்ளைப் பொடிகள்தான் அரசாங்கங்களை அதிகமாகப் பதற வைத்திருக்கின்றன.

இப்போது கேள்விக்கு வருவோம். சுவர் பூசுகிற ஒரு பொடிக்கு இவ்வளவு அமர்க்களமா? நிஜமாகவே வேலை செய்ததா?

செய்தது. ஆனால் ஏன் என்று அந்தக் காலத்தில் யாருக்கும் தெரியவில்லை. ஹம்ஃப்ரி டேவி 1813இல், குளோவர் சாம்பலில் ஜிப்சம் இருக்கிறது, ஆகவே அது செடியின் உணவின் ஒரு பகுதி என்று சொன்னார். கிட்டத்தட்ட சரி. 1840இல் லீபிக் வந்து, ஜிப்சம் காற்றிலிருந்து வரும் அம்மோனியாவைப் பிடித்து வைக்கிறது என்றார். லீபிக் பெரிய பெயர் என்பதால் இந்தத் தவறான விளக்கம் ரொம்ப நாள் ஓடியது.

விடை அளவில் இருக்கிறது. பீட்டர்ஸ் காலத்து விவசாயிகள் போட்டது ஏக்கருக்கு ஒன்று அல்லது ரெண்டு புஷல். ஒரு புஷல் தோராயமாக 40 கிலோ என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு ஏக்கரில் மேல் அரை அடி மண்ணின் எடை சுமார் 900 டன். 900 டன்னில் 40 கிலோவைக் கலந்து மண்ணின் தன்மையை மாற்ற முடியாது. அது கடலில் பெருங்காயம் கரைத்த கதை. 40 கிலோ ஜிப்சத்தில் ஏழரைக் கிலோ கந்தகம் இருக்கிறது. மண்ணுக்கு அது ஒன்றுமில்லை, செடிக்கு அது விருந்து. பயறு வகைகளுக்குக் கந்தகம் கூடுதலாகவே வேண்டும். வேர் முடிச்சில் காற்றின் நைட்ரஜனைப் பிடிக்கிற நொதியின் மையத்திலேயே இரும்பும் கந்தகமும்தான் உட்கார்ந்திருக்கின்றன. கந்தகம் கிடைத்த குளோவர் கொழுத்து வளர்ந்து, நைட்ரஜனை மண்ணில் விட்டுப் போக, அடுத்து வந்த கோதுமை அதைச் சாப்பிட்டது. வேர் முடிச்சு ரகசியத்தை ஹெல்ரீகலும் வில்ஃபார்த்தும் உடைத்தது 1880களின் பிற்பகுதியில். பின்ஸ் இறந்து எழுபது வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது.

அதனால்தான் ஃபிராங்க்ளின் கதையில் செடி குளோவராக இருப்பது முக்கியம். அதே எழுத்தைக் கோதுமையில் எழுதியிருந்தால் யாராலும் படித்திருக்க முடியாது.

இன்னொரு குழப்பமும் அப்போதே இருந்தது. ஜிப்சமும் சுண்ணாம்பும் ஒன்று என்று நினைப்பது. வர்ஜீனியாவில் எட்மண்ட் ரஃபின் என்பவர், தன் நிலத்தில் ஜிப்சம் ஒன்றும் கிழிக்கவில்லை என்று கண்டார். அவர் மண் புளித்த மண், அதாவது அமிலத் தன்மை. அங்கே கிளிஞ்சல் கலந்த சுண்ண மண்ணைப் போட்ட பிறகுதான் குளோவர் தலைகாட்டியது, ஜிப்சமும் வேலை செய்தது. 1832இல் இதை விரிவாக எழுதினார். ஜிப்சத்தில் கால்சியம் உண்டு, ஆனால் அமிலத்தை முறிக்கிற சக்தி கிடையாது. இன்றைக்கும் புல்வெளிக்காரர்களில் பாதிப் பேர் இந்த ரெண்டையும் குழப்பிக்கொள்கிறார்கள். (ரஃபின் மண்ணைப் பற்றி எவ்வளவு தெளிவாக யோசித்தாரோ, மனிதர்களைப் பற்றி அவ்வளவு கோணலாக யோசித்தவர். அடிமை முறையின் வெறியர், தென் மாநிலங்கள் தோற்றதும் 1865இல் தன்னையே சுட்டுக்கொண்டார்.)

பிறகு ஜிப்சம் ஜுரம் மெல்ல அடங்கியது. தோற்றுப் போனதால் இல்லை. 1842இல் இங்கிலாந்தில் லாஸ் என்பவர் சூப்பர் ஃபாஸ்ஃபேட்டுக்குக் காப்புரிமை வாங்கினார். ஃபாஸ்ஃபேட் பாறையில் கந்தக அமிலத்தை ஊற்றினால் கிடைப்பது சூப்பர், கூடவே அதே உருண்டைக்குள் ஜிப்சமும். இன்றும் சிங்கிள் சூப்பர் மூட்டையில் ஏறக்குறைய பாதி எடை ஜிப்சம்தான். மணிச்சத்துக்குக் காசு கொடுத்தவர்களுக்குக் கந்தகம் இலவச இணைப்பாகப் போனது. கூடவே நிலக்கரிப் புகை வேறு. ஆலைப் புகையின் கந்தகம் மழையோடு வயலில் இறங்கியது. தனியாக ஜிப்சம் தேவைப்படவில்லை.

இரண்டாவது கதை மேற்கே, கலிஃபோர்னியாவில். இது முற்றிலும் வேறு கதை, ஆனால் அதே கல்.

அங்கே வறண்ட நிலத்துக்குக் கால்வாய்த் தண்ணீர் கொண்டுவந்தார்கள். சில வருஷம் நன்றாக விளைந்தது. பிறகு நிலத்தின் மேல் உப்புப் பூத்தது, சில இடத்தில் கறுப்பாகக் கறை படிந்தது, தண்ணீர் விட்டால் உள்ளே இறங்காமல் மேலேயே நின்றது. 1875இல் பெர்க்லி பல்கலைக்கழகத்துக்கு வந்த யூஜின் ஹில்கார்ட், ஜெர்மனியில் பிறந்தவர், இதைக் கையில் எடுத்தார். வெறும் உப்பு பூத்த நிலம் வேறு, சோடியம் கார்பனேட் பிடித்த நிலம் வேறு என்று பிரித்துக் காட்டினார். இரண்டாவதில் கார்பனேட் மண்ணின் மட்கைக் கரைத்து மேலே கொண்டுவருவதால் கறுப்பு நிறம். அதற்கு மருந்து ஜிப்சம். சோடியம் கார்பனேட்டும் ஜிப்சமும் சேர்ந்தால் ஒன்று சுண்ணாம்பாகிக் கீழே தங்கும், மற்றொன்று சோடியம் சல்ஃபேட்டாகித் தண்ணீரோடு கழுவிப் போகும்.

தமிழில் இந்த ரெண்டு நிலத்துக்கும் ஏற்கெனவே ரெண்டு பெயர் உண்டு: உவர், களர். வள்ளுவரே கல்லாதவர்களைக் களர் நிலத்தோடு ஒப்பிட்டிருக்கிறார். பஞ்சாபில் இதே நிலத்தைக் கல்லர் என்கிறார்கள். சொல் உறவு பற்றி ஆராய நான் மொழியியலாளன் இல்லை, காதில் விழுகிற ஒற்றுமையைச் சொன்னேன்.

களர் மண்ணில் உள்ளே என்ன நடக்கிறது? களிமண் துகள்கள் மெல்லிய தட்டுகள், மேல்பரப்பில் எதிர்மின்னேற்றம். கால்சியம் ரெட்டை நேர்மின்னேற்றத்தோடு தட்டுகளை இழுத்துப் பிடித்துக் கட்டிகளாக வைத்திருக்கும், இடையில் காற்றும் தண்ணீரும் போக வழி இருக்கும். சோடியத்துக்கு அந்தப் பிடி கிடையாது. கால்சியத்தின் இடத்தில் சோடியம் உட்கார்ந்துவிட்டால் தட்டுகள் தனித்தனியாகப் பிரிந்து, மண்ணின் துளைகளை அடைத்துவிடும். ஈரத்தில் சேறு, காய்ந்தால் சிமெண்ட். கலங்கின ஆற்றுத் தண்ணீரில் படிகாரம் போட்டால் சேறு திரண்டு கீழே படியுமே, ஜிப்சம் இங்கே செய்வது அதே மாதிரி வேலை. சீனாவில் சோயாப் பாலைத் திரித்து டோஃபு ஆக்குவதற்கும் ஜிப்சம்தான் போடுகிறார்கள். மொத்த ஒட்டுமின்னேற்ற இடங்களில் 15 சதவீதத்துக்கு மேல் சோடியம் பிடித்துவிட்டால் களர் என்று 1954இல் அமெரிக்க உவர்நில ஆய்வகம் தன் கையேட்டில் கோடு போட்டது. அந்தக் கோடு இன்றும் பாடப்புத்தகத்தில் இருக்கிறது.

இந்தியாவில் கங்கைச் சமவெளியில் கால்வாய்கள் வந்த பிறகு "ரே" என்கிற உப்பு பரவுவதாகப் புகார் கிளம்பி, 1870களின் பிற்பகுதியில் அதற்கென்றே ஒரு குழு போட்டார்கள். அப்புறம் அரசின் விவசாய வேதியியலாளர் லெதர் உத்தரப் பிரதேசத்து ஊசர் நிலங்களில் சோதனை செய்து, ஜிப்சம் போட்டால் நிலம் திருந்துகிறது என்று காட்டினார். கூடவே செலவு கட்டுப்படியாகாது என்றும் எழுதினார். அவ்வளவுதான், மருந்து தெரிந்தும் அரை நூற்றாண்டு நிலம் அப்படியே கிடந்தது. இந்த இடத்தில்தான் எனக்குக் கோபம் வருகிறது. கால்வாய் வெட்டக் கணக்குப் பார்த்த அரசு, கால்வாய் கெடுத்த நிலத்துக்கு மட்டும் ரொம்பக் கறாராகக் கணக்குப் பார்த்தது.

1969இல் ஹரியானாவின் கர்னாலில் மத்திய மண் உவர்மை ஆராய்ச்சி நிலையம் வந்தது. அங்கே உருவான முறை ரொம்ப எளிமையானது. நிலத்தைச் சமன் பண்ணு, வரப்பைப் பலமாகப் போடு, ஹெக்டேருக்கு 10 முதல் 15 டன் ஜிப்சத்தை மேல்மண்ணில் மட்டும் கல, தண்ணீரைத் தேக்கி நிறுத்து, முதல் பயிராக நெல் நடு. முதல் பயிர் நெல்லாக இருப்பதில்தான் சூட்சுமம். நெல் களரை ஓரளவு தாங்கும், நிற்கிற தண்ணீர் சோடியத்தைக் கீழே தள்ளும், வேரின் மூச்சிலிருந்து வரும் கரியமில வாயு அந்த மண்ணிலேயே இருக்கிற சுண்ணாம்பைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக் கூடுதல் கால்சியம் கொடுக்கும். ராஜஸ்தானிலிருந்து ஜிப்சம் வந்தது, அரசு மானியம் கொடுத்தது. லெதர் காலத்தில் கட்டுப்படியாகாதது இப்போது கட்டுப்படியானது எப்படின்னு பார்த்தால், வேதியியல் மாறவில்லை, யார் காசு கொடுப்பது என்பது மாறியிருக்கிறது.

உத்தரப் பிரதேசத்தில் நிலச் சீர்திருத்தத்தின் பேரில் ஏழைகளுக்கும் தலித் குடும்பங்களுக்கும் பட்டா கொடுத்ததில் கணிசமானது இந்த ஊசர் நிலம்தான். காகிதத்தில் நிலம், கண்ணுக்கு முன்னாடி வெள்ளைப் பொட்டல். 1993இல் உலக வங்கிக் கடனில் தொடங்கிய திட்டம் இந்தச் சின்னத் துண்டுகளைத்தான் குறிவைத்தது. புல்வெளிக்காரருக்கு ஜிப்சம் வேலை செய்யாவிட்டால் நஷ்டம் ரெண்டு மூட்டை. பட்டா வாங்கினவருக்கு அது நிலம் இருக்கிறதா இல்லையா என்கிற கேள்வி.

கடல் புகுந்த நிலத்துக்கும் இதே மருந்து. 1953 பிப்ரவரி 1 அதிகாலை நெதர்லாந்தில் கடல் அணைகள் உடைந்து 1,836 பேர் இறந்தார்கள். தண்ணீரை வெளியேற்றிய பின் டச்சுக்காரர்கள் வயல்களில் பெரிய அளவில் ஜிப்சம் போட்டார்கள். உப்பு நிறைய இருக்கும்போது மண் கட்டியாகத்தான் நிற்கும், மழை உப்பைக் கழுவிய பிறகு மிச்சமிருக்கும் சோடியம்தான் மண்ணைக் குலைக்கும் என்பது அவர்களுக்கு 1944 போர்க்கால வெள்ளத்திலேயே அனுபவம். 2004 சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினம் பக்கத்து வயல்களுக்கும் ஜிப்சமும் தக்கைப்பூண்டும் பரிந்துரைத்தது இந்த வழியில் வந்த அறிவுதான்.

இப்போது எண்களை வரிசையாக வையுங்கள். குளோவருக்கு ஏக்கருக்கு 40 முதல் 80 கிலோ. நம்ம நிலக்கடலைக்கு 160 கிலோ. அது மூன்றாவது வேலை: மண்ணுக்குள் இறங்குகிற விழுதும் காயும் கால்சியத்தை வேர் வழியாக அல்ல, சுற்றியுள்ள மண்ணிலிருந்து நேரடியாக உறிஞ்சும், கிடைக்காவிட்டால் பொக்கு விழும். களர் நிலத்துக்கு 4,000 முதல் 6,000 கிலோ. புல்வெளிக்கு வழக்கமாகச் சொல்கிற 1000 சதுர அடிக்கு 40 பவுண்ட் என்பதை மாற்றினால் ஏக்கருக்கு சுமார் 800 கிலோ. உணவாகப் போட அது மிக அதிகம், களரைத் திருத்த மிகக் குறைவு. எந்த வேலைக்கும் பொருந்தாத ஒரு நடுவாந்திர அளவு!

என் பார்வையில் புல்வெளி நம்பிக்கை ரெண்டு நிஜமான கதைகள் ஒன்றாக ஒட்டிப் பிறந்த குழந்தை. கிழக்கு அமெரிக்காவின் நினைவில் "ஜிப்சம் போட்டால் பச்சை வரும்", மேற்கிலிருந்து வந்த "ஜிப்சம் போட்டால் களிமண் இளகும்". பென்சில்வேனியாவில் மழை ஜாஸ்தி, களிமண்ணில் சோடியம் ஏற்கெனவே கழுவிப் போயிருக்கிறது. புல்வெளி இறுகுவது வீடு கட்டும்போது ஏறின புல்டோசரால், அப்புறம் நம்ம நடையால். அங்கே விரட்ட வேண்டிய சோடியமே இல்லாதபோது ஜிப்சம் யாரை விரட்டும்? வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தின் லிண்டா சாக்கர்-ஸ்காட் இதைத் தோட்டக்கலைக் கட்டுக்கதைகளில் ஒன்றாகவே வைத்து எழுதியிருக்கிறார். விதிவிலக்கு ஒன்று உண்டு. பனிக்காலத்தில் சாலையில் கொட்டுகிற உப்பு தெறித்து விழுகிற ஓரப் புல்வெளி. அங்கே சோடியம் நிஜமாகவே சேர்கிறது, ஜிப்சம் உதவும். மற்ற இடத்தில் இலைமட்கு போடுவதும், மண்ணில் துளை போட்டுக் காற்று விடுவதும் மேல்.

ஒரு திருப்பம் சொல்லணும். இன்றைக்கு அமெரிக்க வயல்களுக்கு வரும் ஜிப்சத்தில் நிறைய சுரங்கத்திலிருந்து வருவதில்லை, அனல் மின் நிலையப் புகைபோக்கியிலிருந்து வருகிறது. அமில மழையைத் தடுக்க 1990இல் சட்டம் கடுமையானதும், புகையின் கந்தகத்தைச் சுண்ணாம்புக் கரைசலில் பிடிக்கிறார்கள். கிடைப்பது ஜிப்சம். புகை சுத்தமானதும் மழையோடு இலவசமாக இறங்கிக்கொண்டிருந்த கந்தகம் நின்றது, பயிர்களில் கந்தகப் பற்றாக்குறை மறுபடி எட்டிப் பார்க்கிறது. அதனால் அதே கந்தகத்தை லாரியில் ஏற்றி வயலுக்குக் கொண்டுபோகிறார்கள்.

உங்கள் மண்ணுக்கு ஜிப்சம் வேணுமா என்று தெரிந்துகொள்ள ஒரு சுலபமான சோதனை இருக்கிறது. ஆஸ்திரேலியாவின் எமர்சன் 1967இல் முறைப்படுத்தியது. சுண்டைக்காய் அளவு காய்ந்த மண்கட்டியை ஒரு கண்ணாடி டம்ளர் தண்ணீரில் மெதுவாக விடுங்கள். கலக்கக் கூடாது. குழாய்த் தண்ணியோ போர்த் தண்ணியோ வேண்டாம், அதில் உள்ள உப்பே மண்ணைக் குலையாமல் பிடித்துவிடும். மழைத் தண்ணீர் அல்லது கடையில் விற்கிற பேட்டரி தண்ணி நல்லது. ரெண்டு மணி நேரத்திலும் மறுநாளும் பாருங்கள். கட்டி உதிர்ந்து கீழே குவிந்து தண்ணீர் தெளிவாக இருந்தால் சோடியம் இல்லை, ஜிப்சத்துக்கு அங்கே வேலை இல்லை. கட்டியைச் சுற்றிப் பால் மாதிரி ஒரு மேகம் கிளம்பித் தண்ணீர் கலங்கினால் களர்.

என் புல்வெளி மண் மறுநாள் காலை உதிர்ந்து கிடந்தது, தண்ணீர் பளிங்கு.

இதே சோதனையை என் மாமாவையும் செய்யச் சொன்னேன். திருச்சி பக்கம் மணிகண்டம் வட்டாரத்தில் அவருக்கு ரெண்டு ஏக்கர். களர் மண்ணுக்குப் பேர் போன பகுதி, நாவலூர் குட்டப்பட்டு வேளாண் கல்லூரியிலிருந்து அதைத் தாங்குகிற டிஆர்ஒய் வரிசை நெல் ரகங்கள் வந்ததே அதனால்தான். பக்கத்து வயல்காரர் ஏக்கருக்கு நாலு மூட்டை ஜிப்சம் போட்டு ஒன்றும் ஆகவில்லை என்று சொன்னதால் மாமா தயங்கிக்கொண்டிருந்தார். மறுநாள் போன் வந்தது.

"மாப்ள, ராத்திரி வச்சது, இன்னும் மோர் மாதிரி இருக்குடா."

"அப்ப வேணும் மாமா. ஆனா நாலு மூட்டை பத்தாது. காலேஜ்ல மண்ணைக் கொடுத்து எத்தனை டன்னுன்னு எழுதி வாங்கிக்குங்க. அப்படியே போர்த் தண்ணியையும் ஒரு பாட்டில்ல கொடுங்க."

"தண்ணிய எதுக்கு?"

"தண்ணியிலேயே சோடியம் இருந்தா, போட்டதை அது மறுபடி கெடுத்துரும் மாமா. வடிகால் வாய்க்காலும் வெட்டணும். கீழ இறங்கின உப்பு வெளிய போகணும்ல."

"டன் கணக்குன்னா காசு?"

மானியம் இருக்கிறதா என்று வட்டார வேளாண் அலுவலகத்தில் கேட்டுவிட்டுச் சொல்வதாக வைத்துவிட்டார்.